எஸ்டி, எஸ்சி சான்றிதழ் மறுத்துவிட்டார்களா? காரைக்குடிப் பக்கத்துக் குடும்பங்களுக்கு ஒரு வழித்துணை

பத்தாவது, பன்னிரண்டாவது ரிசல்ட் வந்த மறுவாரம் எங்கள் கடை வாசலில் ஒரே மாதிரி முகங்கள் நிற்கும். காரைக்குடியில் தட்டச்சு, ஜெராக்ஸ், மனு எழுதுவது என்று ஓடுகிற சின்னக் கடை. கையில் மஞ்சள் பை, பைக்குள் ரேஷன் கார்டும் பிள்ளையின் டிசியும்.

"சர்ட்டிபிகேட் தர முடியாதுன்னு சொல்லிட்டாக சார்."

"எழுதிக் குடுத்தாகளா?"

"இல்ல, வாயால சொன்னாக."

இருபது வருஷமாக இதே மூன்று வரிகள்தான். மூன்றாவது வரியில்தான் எல்லாம் கெட்டுப்போகிறது. மறுப்பு காகிதத்தில் வராத வரை அதை எதிர்த்து எங்கேயும் போக முடியாது. மேல் அதிகாரி "உத்தரவு எங்கே" என்று கேட்பார். கோர்ட்டும் அதையேதான் கேட்கும். நான் வக்கீல் இல்லை. வக்கீலிடம் போவதற்கு முன்னால் ஒரு குடும்பம் வீட்டிலும் அலுவலகத்திலும் செய்து முடிக்க வேண்டிய வேலைகளைத்தான் இங்கே எழுதுகிறேன். இதைச் சரியாகச் செய்தவர்களில் பலருக்கு வக்கீலே தேவைப்படவில்லை.

பட்டியலில் உங்கள் பெயர் எப்படி அச்சாகியிருக்கிறது?

வீட்டில் நம்மை நாம் சொல்லிக்கொள்ளும் பெயர் ஒன்று, ஊர் நம்மைக் கூப்பிடும் பெயர் இன்னொன்று, அரசுப் பட்டியலில் இருப்பது மூன்றாவது. சட்டத்துக்கு மூன்றாவது மட்டும்தான் தெரியும். எஸ்சி பட்டியல் 1950 ஆகஸ்டிலும் எஸ்டி பட்டியல் அதே ஆண்டு செப்டம்பரிலும் குடியரசுத் தலைவர் உத்தரவாக வந்தவை. அவற்றில் ஒரு பெயரைச் சேர்க்கவோ நீக்கவோ நாடாளுமன்றத்தால்தான் முடியும். "எங்கள் சாதியும் அந்தச் சாதியும் ஒன்றுதான், பெயர்தான் வேறு" என்ற வாதத்தைக் கேட்டுப் பட்டியலை விரித்துப் பொருள் சொல்ல நீதிமன்றத்துக்கே அதிகாரம் இல்லை என்று 2000-ஆம் ஆண்டு மிலிந்த் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்த்துவிட்டது. அதனால் முதல் வேலை, பட்டியலை அச்செடுத்து உங்கள் பெயர் எந்த எழுத்தில் இருக்கிறது என்று விரல் வைத்துப் பார்ப்பது.

இங்கே அடிக்கடி வரும் குழப்பங்கள் சில உண்டு. காட்டுநாயக்கன் எஸ்டி. வெறும் "நாயக்கர்" என்று எழுதினால் அது எதுவாகவும் இருக்கலாம்; தொட்டிய நாயக்கர் எம்பிசி. மலைக்குறவன் எஸ்டி, குறவன் எஸ்சி. குருமன்ஸ் எஸ்டி, ஆனால் குரும்பர் என்ற பதிவு நீலகிரி மாவட்டத்துக்கு மட்டும். நரிக்குறவர், குருவிக்காரர் பல காலம் எம்பிசி-யில் இருந்தார்கள். 2022 டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய திருத்தத்தால் தமிழ்நாட்டு எஸ்டி பட்டியலில் 37-ஆவது பதிவாகச் சேர்ந்தார்கள். அதனால் அப்பாவின் சான்றிதழில் எம்பிசி என்றும் பிள்ளையின் மனுவில் எஸ்டி என்றும் இருந்தால் அது முரண்பாடே இல்லை. பட்டியல் மாறியிருக்கிறது, அவ்வளவுதான். கவுண்டரில் இருப்பவர் புதியவராக இருந்தால் அந்தத் திருத்தச் சட்டத்தின் நகலையும் மனுவோடு வையுங்கள்.

எஸ்சி பட்டியலில் 2021-இல் ஒரு மாற்றம் வந்தது. பள்ளன், குடும்பன், பண்ணாடி, காலாடி, கடையன், தேவேந்திரகுலத்தான், வாதிரியான் ஆகிய ஏழு பெயர்களும் தேவேந்திரகுல வேளாளர் என்ற ஒரே தலைப்பின் கீழ் வந்தன. தாத்தாவின் காகிதத்தில் ஒரு பெயர், பேரனின் காகிதத்தில் இன்னொரு பெயர் என்று இருப்பதற்கு இதுவே பதில்.

மதத்தைப் பற்றியும் இப்போதே தெரிந்துகொள்ளுங்கள். எஸ்டி-க்கு மதம் தடை இல்லை. எஸ்சி இந்து, சீக்கியர், பௌத்தர் ஆகியோருக்கு மட்டும். தேவகோட்டைப் பக்கம் சர்ச்சுக்குப் போகும் ஆதிதிராவிடர் குடும்பங்கள் நிறைய. ஞானஸ்நானப் பதிவும் தொடர்ந்த சர்ச் வழிபாடும் இருக்க, சான்றிதழுக்காக மட்டும் இந்து என்று சொன்ன புதுச்சேரிப் பெண் ஒருவரின் வழக்கை 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. உண்மையிலேயே தாய்மதம் திரும்பியவர்களுக்கு வழி உண்டு. அதற்கு 2015-இல் மனு என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் மூன்று விஷயங்களைக் கேட்டது: முன்னோர் அந்தச் சாதி என்பதற்குத் தெளிவான ஆதாரம், திரும்பி வந்ததற்கு ஆதாரம், அந்தச் சமூகம் ஏற்றுக்கொண்டதற்கு ஆதாரம். மூன்றில் ஒன்று குறைந்தாலும் நிற்காது.

எந்த அலுவலகம்?

செட்டிநாடு என்பது வரைபடத்தில் ஒரே துண்டு இல்லை. காரைக்குடி, கானாடுகாத்தான், பள்ளத்தூர், கோட்டையூர், தேவகோட்டை எல்லாம் சிவகங்கை மாவட்டம். ராயவரம், கோனாபட்டு பக்கம் போனால் புதுக்கோட்டை மாவட்டம். எஸ்டி சான்றிதழைக் கொடுப்பவர் வருவாய்க் கோட்டாட்சியர், அதாவது ஆர்டிஓ, அல்லது சார் ஆட்சியர். காரைக்குடி தாலுகாக்காரருக்கு அது தேவகோட்டை, திருமயம் தாலுகாக்காரருக்குப் புதுக்கோட்டை. எஸ்சி என்றால் தாசில்தார். பிசி, எம்பிசி என்றால் துணை வட்டாட்சியர் நிலையிலேயே முடிந்துவிடும்.

இந்த மாவட்ட எல்லையில் ஒரு வேடிக்கை இருக்கிறது. எஸ்டி பட்டியலில் "மலையாளி" (கேரளத்துக்காரர் அல்ல, மலைவாழ் பழங்குடி) என்ற பதிவு குறிப்பிட்ட சில மாவட்டங்களுக்கு மட்டும் பொருந்தும். அதில் புதுக்கோட்டை உண்டு, நம் மாவட்டம் இல்லை. திருமயத்தில் பட்டியலுக்குள் வரும் பெயர் காரைக்குடி வந்ததும் பட்டியலுக்கு வெளியே போய்விடுகிறது. பஸ்ஸில் அரை மணி நேரப் பயணம்தான். எனக்கு இது நியாயமாகப் படவில்லை, ஆனால் எழுத்தில் இருப்பது அதுதான். வாதாடி வெல்ல முடியாத இடங்களை முதலிலேயே தெரிந்துகொண்டால் பணமும் வருஷமும் மிஞ்சும்.

வேறு மாநிலத்திலிருந்து பிழைக்க வந்த குடும்பங்களுக்கும் ஒரு வார்த்தை. எஸ்சி, எஸ்டி தகுதி மாநிலத்துக்கு மாநிலம் வேறு. ஆந்திராவில் பட்டியலில் இருக்கும் சாதி இங்கேயும் அதே பெயரில் இருந்தாலும், குடிபெயர்ந்து வந்தவருக்கு இந்த மாநிலச் சலுகை கிடைக்காது என்று 1990-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

மனு போடுவது

இது சின்ன வேலை. இ-சேவை மையத்துக்குப் போய் கேன் நம்பர் (விண்ணப்பதாரருக்கான அடையாள எண்) எடுத்து சாதிச் சான்றிதழ் விண்ணப்பத்தைப் பதிய வேண்டும். மையத்தில் கட்டணம் 60 ரூபாய். விஏஓ, ஆர்ஐ (வருவாய் ஆய்வாளர்), தாசில்தார் என்று ஏறி எஸ்டி என்றால் ஆர்டிஓ வரை போகும். ஒப்புகைச் சீட்டின் எண்ணை ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். போனில் வரும் குறுஞ்செய்தியை அழிக்காதீர்கள். பின்னால் "மனுவே வரவில்லை" என்று யாராவது சொன்னால் அந்த எண்தான் உங்கள் சாட்சி.

பழைய காகிதம் தேடும் படலம்

என்னைக் கேட்டால் மொத்த வேலையில் முக்கால் பங்கு இதுதான். மறுக்கப்பட்ட மனுக்களை வாங்கிப் பார்த்தால் பெரும்பாலும் ரேஷன் கார்டு, ஆதார், பிள்ளையின் டிசி ஆகிய மூன்றுதான் இருக்கும். மூன்றுமே சாதியை நிரூபிக்கப் போதாது.

உச்ச நீதிமன்றம் 2011-இல் ஆனந்த் வழக்கில் ஒரு விதியைத் தெளிவாக வைத்தது: ஆவணம் எவ்வளவு பழையதோ அவ்வளவு எடை. அதிலும் சுதந்திரத்துக்கு முந்தைய ஆவணத்துக்குத் தனி மதிப்பு. காரணம் எளிது. 1930-களில் எஸ்டி என்ற சலுகையே கிடையாது. சலுகைக்காகப் பொய் எழுத அன்றைக்கு யாருக்கும் அவசியம் இருந்திருக்காது.

எங்கே தேடுவது?

முதலில் பள்ளிக்கூடம். செட்டிநாட்டில் நகரத்தார் கட்டிய பழைய பள்ளிகள் ஊருக்கு ஊர் இருக்கின்றன. டிசி கேட்காதீர்கள், சேர்க்கைப் பதிவேட்டின் நகல் கேளுங்கள். டிசி பின்னாளில் எழுதப்படுவது. சேர்க்கைப் பதிவேடு பையன் முதல் நாள் வந்து நின்றபோது எழுதியது. அப்பா, பெரியப்பா, அத்தை, தாத்தா என்று யார் எந்தப் பள்ளியில் படித்தார்கள் என்று வீட்டுப் பெரியவர்களை உட்கார வைத்துக் கேளுங்கள். மூன்றாவதோடு நின்றவர்களையும் விடாதீர்கள். பள்ளி மூடிவிட்டால் பதிவேடு கல்வி அலுவலகத்துக்குப் போயிருக்கும்.

அடுத்து பத்திரப் பதிவு அலுவலகம். பழைய கிரயப் பத்திரங்களில் எழுதிக் கொடுப்பவர், எழுதி வாங்குபவர், சாட்சி என்று ஒவ்வொருவரின் பெயருக்குப் பின்னாலும் சாதியும் தொழிலும் எழுதுவது வழக்கம். நம்மிடம் நிலம் இல்லையே என்பார்கள். நிலம் வாங்கியிருக்க வேண்டியதில்லை, சாட்சிக் கைநாட்டு வைத்திருந்தாலும் போதும். பக்கத்து மனைக்காரர் பத்திரத்தில் நான்கு எல்லை சொல்லும்போது தாத்தா பெயர் வந்திருக்கலாம்.

ஒரு சம்பவம் சொல்கிறேன். காட்டுநாயக்கர் குடும்பம், பையன் பாலிடெக்னிக்கில் சேர வேண்டும். அப்பாவின் டிசியில் "இந்து நாயக்கர்" என்று இருந்ததால் மனு தள்ளுபடி. எந்த அலுவலகம் என்பது இங்கே வேண்டாம். வீட்டில் வேறு காகிதமே இல்லை என்றார்கள். பையனின் அப்பத்தா மட்டும், "மாமனாரு ஒரு செட்டியாரு வீட்டுல காவக் கெடந்தாரு, அவுக எடம் குடுத்தாக" என்றது. எந்த வீடு என்று விசாரித்துப் போனோம். பூட்டிக் கிடந்த பெரிய வீடு. பார்த்துக்கொள்ளும் ஆள்தான் இருந்தார். காகிதம் அங்கே கிடைக்கவில்லை. ஆனால் இடம் கொடுத்ததற்குப் பத்திரம் பதிவாகியிருக்கும் என்று அவர் சொன்னார். சார்பதிவாளர் அலுவலகத்தில் தேடுதல் மனு போட்டு, இரண்டு வாரம் கழித்து நகல் வந்தது. 1941. "இராமநாதபுரம் ஜில்லா" என்று தொடங்கி, தாத்தாவின் அப்பா பெயருக்குப் பக்கத்தில் "காட்டுநாயக்கன் ஜாதி, காவல் ஜீவனம்" என்று இருந்தது. மை ஊறிப்போன எழுத்து. "ஜாதி" என்ற சொல் வரும் இடத்தில் மடிப்புக் கோடு விழுந்து பாதி எழுத்தைத் தின்றிருந்தது. அந்தப் பக்கத்தைப் பெரிதாக்கி எடுத்து, கீழே வரிக்கு வரி தட்டச்சு செய்து இணைத்தோம்.

"இராமநாதபுரம் ஜில்லா" என்பதைப் பார்த்து ஒரு குமாஸ்தா, "இது வேற மாவட்டத்துப் பத்திரமாச்சே" என்று கேட்டதும் நடந்தது. சிவகங்கை தனி மாவட்டம் ஆனது 1985-இல். அதற்கு முன் நாம் எல்லோரும் இராமநாதபுரம்தான். திருமயம் பக்கத்துக் காகிதங்களில் 1948-க்கு முன் புதுக்கோட்டை சமஸ்தானம் என்றும், பிறகு 1974 வரை திருச்சிராப்பள்ளி ஜில்லா என்றும் இருக்கும். மனுவிலேயே ஒரு வரியில் இதை எழுதிவிடுங்கள். மாவட்டப் பெயர் மாறியதால் ஒரு நல்ல ஆவணம் வீணாகக் கூடாது.

மூன்றாவது, இரத்த உறவின் சான்றிதழ். அப்பா வழியில் யாருக்காவது முறையான விசாரணைக்குப் பின் கிடைத்து, ரத்தாகாமல் இருக்கிற சான்றிதழ் இருந்தால் அது பெரிய பலம். சான்றிதழ் மட்டும் போதாது. அவர் உங்களுக்கு என்ன உறவு என்று காட்டும் வம்சாவழிப் பட்டியலும் வேண்டும். தாத்தாவில் தொடங்கிக் கிளை கிளையாக வரைந்து, ஒவ்வொரு பெயருக்கும் அடியில் அந்த உறவை நிரூபிக்கும் காகிதத்தின் எண்ணை எழுதுங்கள். வீட்டில் ஒரு பெயர், பள்ளியில் ஒரு பெயர் என்று இருப்பவர்களுக்கு இரண்டையும் எழுதி, இருவரும் ஒருவரே என்று பிரமாணப் பத்திரம் வையுங்கள்.

பழைய எஸ்டி சான்றிதழில் தாசில்தார் கையெழுத்து இருக்கிறது, செல்லாது என்று சொன்னால் தேதியைப் பாருங்கள். 1989 நவம்பர் 11-ஆம் தேதி அரசாணைக்குப் பிறகுதான் அந்த அதிகாரம் ஆர்டிஓ-வுக்குப் போனது. அதற்கு முன்னால் தாசில்தார் கொடுத்தது, முறைப்படி ரத்தாகும் வரை செல்லும். துறைமுகக் கழக ஊழியர் கந்தசாமி வழக்கில் 1997-இல் உச்ச நீதிமன்றமே சொன்னது இது.

கலப்பு மணத்துப் பிள்ளை என்றால் அப்பாவின் சாதி என்றே பொதுவாக எடுத்துக்கொள்வார்கள். ஆனால் அது முடிந்த முடிவு அல்ல. எஸ்டி அம்மா வளர்த்து, அந்தச் சமூகத்தில் ஒருவராகவே வளர்ந்து, அந்தச் சமூகம் படும் இழிவையும் பட்ட பிள்ளை அம்மாவின் தகுதியைக் கேட்கலாம் என்று 2012-இல் ரமேஷ்பாய் நாய்கா வழக்கில் தீர்ப்பு வந்தது. கல்யாணம் செய்துகொண்டதால் மட்டும் யாரும் எஸ்டி ஆகிவிட முடியாது.

விசாரணைக்கு வரும் நாள்

எஸ்டி மனு என்றால் வீட்டுக்கு விசாரணைக்கு வருவார்கள். குலதெய்வம் என்ன, கல்யாணத்தில் என்ன சடங்கு, இறந்தால் புதைப்பதா எரிப்பதா, வீட்டில் என்ன மொழி என்று கேட்பார்கள். 1994-இல் மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த முறை இது. போலிச் சான்றிதழில் மருத்துவப் படிப்பு வாங்கிய ஒரு வழக்கில் பிறந்த விதிகள். தமிழ்நாட்டில் எஸ்டி சான்றிதழ்களின் உண்மையைச் சரிபார்க்க மாநில அளவில் கூர்நோக்குக் குழுவும், எஸ்சி-க்கு மாவட்ட அளவில் விழிப்புக் குழுவும் இருக்கின்றன. பழங்குடி வழக்கங்களைப் பற்றி ஊட்டியில் உள்ள பழங்குடி ஆய்வு மையத்தின் மானிடவியலாளர்களிடம் கருத்துக் கேட்பதும் உண்டு.

பெரியவர்களை வீட்டில் இருக்கச் சொல்லுங்கள். இளைஞர்கள் முந்திக்கொண்டு பதில் சொல்ல வேண்டாம். மனப்பாடம் செய்து வைக்காதீர்கள், நான்கு பேர் ஒரே வாக்கியத்தைச் சொன்னால் கேட்பவருக்கே சந்தேகம் வரும். தெரியாததைத் தெரியாது என்று சொல்லலாம். கேட்டதையும் சொன்னதையும் அன்றைக்கு ராத்திரியே ஒரு தாளில் தேதி போட்டு எழுதி வையுங்கள். அறிக்கையில் நீங்கள் சொல்லாதது வந்தால் அந்தத் தாள் உதவும்.

கான்கிரீட் வீடு இருக்கிறது, பேன்ட் சட்டை போட்டிருக்கிறார், நன்றாகத் தமிழ் பேசுகிறார், அதனால் பழங்குடி இல்லை என்று ஒரு அறிக்கையை நான் கண்ணால் படித்திருக்கிறேன். மூன்று தலைமுறையாக ஊருக்குள் இருக்கிற குடும்பம் வேறு எப்படி இருக்கும்? இந்தப் பண்பாட்டுச் சோதனை ஒன்றை மட்டும் வைத்து முடிவு செய்யக் கூடாது, மற்ற ஆதாரங்களோடு சேர்த்தே பார்க்க வேண்டும் என்று ஆனந்த் வழக்கில் சொன்னதை 2023 மார்ச்சில் மகாராஷ்டிர ஆதிவாசி தாக்கூர் அமைப்பின் வழக்கில் மூன்று நீதிபதிகள் மறுபடி உறுதி செய்தார்கள். வழக்கின் பெயரையும் வருஷத்தையும் மனுவில் ஒரு வரியில் குறித்தால் போதும்.

மறுப்பை எழுத்தில் வாங்குங்கள்

மனு தூங்கினால் முதலில் ஒரு நினைவூட்டல் மனு எழுதி, பதிவு வசதியுடன் ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான சான்றை வையுங்கள். நேரில் கொடுத்தால் நகலில் சீல் வாங்குங்கள். திங்கட்கிழமை கலெக்டர் அலுவலகக் குறைதீர் கூட்டத்தில் ஒரு மனு. இவற்றால் சான்றிதழ் வந்துவிடும் என்று சொல்லவில்லை. நீங்கள் எப்போது, எத்தனை முறை கேட்டீர்கள் என்பதற்குத் தடம் வேண்டும்.

பிறகு தகவல் உரிமைச் சட்டம். பத்து ரூபாய் கோர்ட் கட்டண ஸ்டாம்ப் ஒட்டி, அந்த அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுதுங்கள். "ஏன் தரவில்லை" என்று கேட்காதீர்கள், அதற்குப் பதில் வராது. ஆவணத்தைக் கேளுங்கள்: என் விண்ணப்ப எண் இன்னதன் மீதான விஏஓ அறிக்கை நகல், ஆர்ஐ அறிக்கை நகல், விசாரணை அறிக்கை நகல், கோப்பின் குறிப்புப் பக்கங்கள், இறுதி உத்தரவு இருந்தால் அதன் நகல். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் அதே துறையின் மேல்முறையீட்டு அலுவலருக்கு. இந்த ஒரு காகிதத்துக்குப் பயந்து கோப்பு நகர்ந்ததை நான் பல தடவை பார்த்திருக்கிறேன்.

உத்தரவைப் படிப்பது

மறுப்பு உத்தரவு வந்ததும் தலையில் கை வைத்து உட்காராதீர்கள். உண்மையில் அது நல்ல செய்தி, இனி எதிர்த்துப் போக ஒரு பொருள் கிடைத்துவிட்டது. வந்த தேதியைக் கவரோடு பத்திரமாக வையுங்கள். ஒரு பேனா எடுத்து ஒவ்வொரு காரணத்துக்கும் எண் போடுங்கள்.

"போதிய ஆதாரம் இல்லை" என்று மட்டும் இருந்தால் அது காரணமே அல்ல. எந்த ஆவணத்தைப் பார்த்தார், எதை ஏன் ஏற்கவில்லை என்று சொல்லியிருக்க வேண்டும். "இந்த மாவட்டத்தில் இந்த இனம் கிடையாது" என்றால் 1976-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தைக் காட்டலாம். பெரும்பாலான பெயர்களுக்கு இருந்த வட்டார எல்லை அதில் எடுக்கப்பட்டுவிட்டது. ஆனால் முன்னே சொன்ன மலையாளி, குரும்பர் போன்ற சில பதிவுகளுக்கு எல்லை இன்றும் உண்டு என்பதை மறக்காதீர்கள். "பள்ளிச் சான்றிதழில் வேறு சாதி" என்றால் அதைவிடப் பழைய ஆவணம்தான் பதில். எஸ்டி குழு விசாரணை என்றால் அறிக்கையின் நகலைக் கொடுத்து, விளக்கம் சொல்ல இரண்டு வாரம் அவகாசம் தந்திருக்க வேண்டும். தராவிட்டால் அந்த ஒரு குறைக்காகவே உத்தரவு விழலாம்.

இன்னொன்றும் உங்கள் பக்கம் இருக்கிறது. உத்தரவில் எழுதாத காரணத்தைப் பின்னால் கோர்ட்டில் பிரமாணப் பத்திரம் போட்டுச் சேர்க்க முடியாது. 1977-இல் மொகிந்தர் சிங் கில் வழக்கிலிருந்து நிலைத்த விதி. அதனால் உத்தரவில் என்ன இருக்கிறதோ அதை மட்டும் உடைத்தால் போதும்.

மேலே போவது

உத்தரவின் கடைசிப் பத்தியில் மேல்முறையீடு யாரிடம், எத்தனை நாளுக்குள் என்று இருக்கும். அதைத் தவறவிடாதீர்கள். அந்தப் படியைத் தாண்டி நேராக ஐகோர்ட்டுக்குப் போனால், "முதலில் அங்கே போங்கள்" என்று திருப்பி அனுப்பவே வாய்ப்பு அதிகம். மேல்முறையீட்டு மனுவில் கண்ணீர்க் கதை வேண்டாம். காரணம் ஒன்று, அதற்குப் பதில், ஆவணம் எண் இன்னது. காரணம் இரண்டு, அதற்குப் பதில், ஆவணம் எண் இன்னது. அப்படி எழுதினால் படிப்பவர் பக்கம் புரட்ட வேண்டியதில்லை.

அதுவும் போனால் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. சிவகங்கையும் புதுக்கோட்டையும் அதன் எல்லைக்குள்தான். காரைக்குடியிலிருந்து திருப்பத்தூர், மேலூர் வழியாகப் போகும் பஸ்ஸில் மாட்டுத்தாவணி வரை போக வேண்டாம், ஒத்தக்கடையைத் தாண்டியதும் கோர்ட். அடையாள அட்டை இல்லாமல் போகாதீர்கள்.

போடுவது 226-ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு. அதில் இரண்டு வகை இருக்கிறது. மனு மீது முடிவே எடுக்காமல் வைத்திருந்தால், "இத்தனை வாரத்துக்குள் முடிவெடு" என்று உத்தரவிடக் கேட்கலாம். மறுத்துவிட்டார்கள் என்றால் அந்த உத்தரவை ரத்து செய்யக் கேட்க வேண்டும். எங்கள் கடைக்கு வருபவர்களிடம் நான் முதலில் சொல்வது இதுதான்: கோர்ட் உங்களை இன்ன சாதி என்று அறிவிக்காது. அதிகாரி செய்த முறை சரியா, ஆவணங்களைப் பார்த்தாரா, வாய்ப்புக் கொடுத்தாரா என்றுதான் பார்க்கும். தவறு இருந்தால் பெரும்பாலும் உத்தரவை ரத்து செய்து, மறுபடி விசாரிக்கச் சொல்லி அதே அதிகாரிக்கே அனுப்பும். "ஜெயிச்சும் அங்கேயேதானா போகணும்?" என்று கேட்பார்கள். ஆமாம், அங்கேயேதான். ஆனால் இந்தத் தடவை அவர் கையில் காலக்கெடுவும் கோர்ட் உத்தரவும் இருக்கும்.

அட்மிஷன் தேதி நெருங்குகிறது என்றால் வக்கீலிடம் முதல் நாளே சொல்லுங்கள். வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டுத் தற்காலிகமாகச் சேர்க்க இடைக்கால உத்தரவு கேட்கலாம். கிடைக்கும் என்று எண்ணிப் பொதுப் பிரிவு விண்ணப்பத்தை விட்டுவிடாதீர்கள். இரண்டு பக்கமும் போட்டு வையுங்கள்.

வக்கீலுக்குக் காசு இல்லை என்றால்

இலவசச் சட்ட உதவிக்கு எஸ்சி, எஸ்டி மக்களுக்கு வருமான வரம்பு கிடையாது. ஆனால் எஸ்டி என்று காட்டத்தானே சான்றிதழ் இல்லை! இந்த முடிச்சில் பலர் திரும்பி வந்துவிடுகிறார்கள். அந்த உதவியைத் தரும் 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆவது பிரிவில் பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் பார்க்காமல் உதவி உண்டு. அம்மா பெயரில் மனு கொடுங்கள், அல்லது பதினெட்டு முடியாத பிள்ளையின் பெயரில். காரைக்குடி, தேவகோட்டை நீதிமன்ற வளாகங்களில் வட்டச் சட்டப் பணிகள் குழு, சிவகங்கையில் மாவட்ட ஆணைக்குழு, ஐகோர்ட் வழக்குக்கு மதுரையிலேயே தனிக் குழு. போனில் 15100.

தரகர்கள் வருவார்கள். "ஆர்டிஓ நம்ம ஆளு" என்று பேச்சைத் தொடங்குபவரிடம் ஒரு ரூபாய் கொடுக்காதீர்கள். அதைவிட மோசம், பட்டியலில் இல்லாத சாதிக்காரருக்குப் பெயர் ஒற்றுமையை வைத்து எஸ்டி வாங்கித் தருகிறேன் என்பவர். உணவுக் கழக ஊழியர் பாகிரா வழக்கில் 2017-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது கடுமையானது: பொய்யான தகுதியில் பெற்ற வேலையும் படிப்பும் எத்தனை வருஷம் கழிந்தாலும் பறிபோகும். முப்பது வருஷச் சர்வீஸுக்குப் பிறகு பென்ஷன் நின்றுபோன ஒருவருக்கு நான் மனு தட்டச்சு செய்திருக்கிறேன். பொய்ச் சான்றிதழ் வாங்குகிற ஒவ்வொருவராலும் உண்மையான காட்டுநாயக்கர் வீட்டுப் பிள்ளை கவுண்டரில் இன்னும் நான்கு கேள்வி கூடுதலாகக் கேட்கப்படுகிறது.

சான்றிதழ் வந்த பிறகு

முதலில் எழுத்துப் பிழை பாருங்கள்: பெயர், அப்பா பெயர், சாதி பட்டியலில் உள்ள அதே எழுத்தில் இருக்கிறதா, ஊர், தாலுகா. தவறு இருந்தால் அந்த வாரமே திருத்தக் கேளுங்கள். பள்ளிப் பதிவில் பழைய சாதி இருந்தால் தலைமையாசிரியரிடம் சான்றிதழ் நகலோடு மனு கொடுத்து மாற்றுங்கள், அல்லது அடுத்த டிசியில் அதே "இந்து நாயக்கர்" திரும்பவும் வந்து உட்காரும். வேலை கிடைக்கும்போது சான்றிதழின் உண்மையை மறுபடி சரிபார்க்க ஆள் வரும். அன்றைக்கு இந்தக் காகிதங்கள் அத்தனையும் மறுபடி தேவைப்படும்.

1941 பத்திரக்காரப் பையனுக்கு மேல்முறையீட்டிலேயே கிடைத்துவிட்டது, மதுரைக்குப் போகும் அவசியம் வரவில்லை. சான்றிதழை அச்செடுத்து வாங்கிக்கொண்டு நேராகக் கடைக்கு வந்தான். அப்பத்தா கூடவே. "இத லேமினேட் பண்ணிருங்க அண்ணே" என்றான். அச்சுப் பிரதி இன்னொன்று எப்போதும் எடுத்துக்கொள்ளலாம், அதைப் பண்ணினால் பண்ணிக்கொள் என்றேன். பத்திர நகலை மட்டும் லேமினேட் செய்ய விடவில்லை. சீலும் கையெழுத்தும் உள்ள நகல், நாளைக்கு ஒருவர் தொட்டுப் பார்த்துச் சரிபார்க்க வேண்டியிருக்கும். ஒரு பிளாஸ்டிக் உறையில் போட்டு, வம்சாவழிப் பட்டியலையும் உள்ளே வைத்து, அப்பத்தா கையில் கொடுத்தேன். அது வாங்கி முந்தானையில் சுற்றி இடுப்பில் செருகிக்கொண்டது.